சாட் நாட்டு ஹாரூனின் படங்கள்: மன்னிப்பும் பொதுமன்னிப்பும்

பகுதி: உலக சினிமா

#1 கரிசல்காடு

போன வாரம் அடுத்தடுத்து இரண்டு ராத்திரி, ஒரே இயக்குநரின் இரண்டு படங்கள் பார்த்தேன். மஹமத்-சாலே ஹாரூன். ஊர் சாட், ஆப்பிரிக்காவின் நடுவயிற்றில் கடல் எட்டாத நாடு. முதலில் பார்த்தது 'தராத்' (2006), கதைப்படம். அடுத்தது ஹிசென் ஹாப்ரே என்ற சர்வாதிகாரியின் சிறைகளில் இருந்து உயிரோடு வந்தவர்களைப் பற்றிய ஆவணப்படம் (2016).

தராத் என்றால் வறண்ட காலம். ரேடியோவில் அறிவிப்பு வருகிறது: உள்நாட்டுப் போரில் குற்றம் செய்தவர்கள் எல்லாருக்கும் பொதுமன்னிப்பு. அதைக் கேட்ட கண் தெரியாத தாத்தா, 16 வயசுப் பேரன் கையில் துப்பாக்கியைக் கொடுத்து, உன் அப்பனைக் கொன்றவனைத் தேடிப் போ என்று அனுப்புகிறார். பையன் பெயர் அதீம், அனாதை என்று அர்த்தம். தலைநகர் என்ஜமேனாவில் ஆளைக் கண்டுபிடித்துவிடுகிறான். அந்த நஸாரா இப்போது ரொட்டிக்கடைக்காரர். தொண்டை போய்விட்டது, கழுத்தில் ஒரு கருவியை அழுத்திவைத்தால்தான் குரல் வரும். தெருப்பிள்ளைகளுக்குச் சும்மா ரொட்டி கொடுக்கிறார். "வேலைக்கு வர்றியா?" என்கிற மாதிரி அவரே கேட்க, பையன் சேர்ந்துகொள்கிறான். இடுப்பில் துப்பாக்கி, கையில் மாவு. மீதியைச் சொல்ல மாட்டேன்.

ஆவணப்படத்தில் க்ளெமோன் அபைஃபூட்டா என்று ஒருவர் வருகிறார். ஹாப்ரே சிறையில் 4 வருஷம் இருந்தவர். உள்ளே அவருக்குக் கொடுத்த வேலை, செத்த கைதிகளைத் தூக்கிக்கொண்டு போய்ப் புதைப்பது. இன்று பாதிக்கப்பட்டவர்கள் சங்கத்தின் தலைவர். அவர்தான் வீடு வீடாகப் போய் உட்கார்ந்து பேச்சுக் கொடுக்கிறார். ஹாரூன் கேமராவோடு ஓரமாக இருக்கிறார், அவ்வளவுதான்.

ஒரு காட்சியில் வதைபட்ட மனிதரையும், வதைத்த தரப்பில் இருந்த பழைய ரகசியப் போலீஸ் ஆளையும் எதிரெதிராக உட்கார வைத்துவிடுகிறார் க்ளெமோன். அந்த ஆள் மன்னிப்பு கேட்கிறார். நான் நாற்காலியில் நெளிந்தேன். அன்றைக்குத் தூக்கம் வர 2 மணி ஆகிவிட்டது.

கேட்க வந்தது இதுதான். ஹாரூன் படங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் 'காயம் ஆற்றும் சினிமா' என்று எழுதுகிறார்கள். யாருடைய காயம்? பார்த்த எனக்கா, அந்த மனிதருக்கா?

#2 பேல்பூரி

தலைப்புல 'சாட்'னு பார்த்துட்டு தஹி பூரி இழைன்னு நினைச்சு எச்சில் ஊற வந்தேன். மன்னிக்கணும். 😄

இருந்தாலும் முழுசாப் படிச்சேன். அந்த நாட்டைப் பத்தி எனக்கு வரைபடத்துல எங்க இருக்குன்னுகூடத் தெரியாது. யாராவது பின்னணி சொன்னா நல்லா இருக்கும்.

#3 ஓய்வுபெற்றவாத்தியார்

தம்பி பேல்பூரிக்காக, தெரிந்ததைச் சொல்கிறேன்.

ஹாப்ரே ஆட்சியைப் பிடித்தது 1982. படைத்தளபதியாக அவருக்குக் கீழே இருந்த இத்ரிஸ் டெபியே 1990 டிசம்பரில் அவரை விரட்டினார். ஹாப்ரே செனகலுக்கு ஓடிப்போய் டாக்காரில் குடும்பத்தோடு சௌகரியமாக வாழ்ந்தார். அந்த எட்டு வருஷத்தில் ஏறத்தாழ 40,000 பேர் இறந்திருக்கலாம் என்று 1992-இல் சாட் அரசின் விசாரணைக் குழு மதிப்பிட்டது. லிபியாவின் கடாஃபிக்கு எதிரி என்ற ஒரே காரணத்துக்காக அமெரிக்காவும் பிரான்சும் அவரைத் தாங்கிப் பிடித்தன. 1987-இல் ரீகன் அவரை வெள்ளை மாளிகைக்கே அழைத்து விருந்தோம்பினார்.

என்ஜமேனாவில் பிரெஞ்சுக்காரர் காலத்து நீச்சல் குளம் ஒன்று இருந்தது. அதன் மேல் கான்கிரீட் பாவி, உள்ளே தடுப்புச் சுவர் எழுப்பி, நிலத்தடிச் சிறையாக மாற்றினார்கள். பெயரை மாற்றவில்லை, 'நீச்சல் குளம்' என்றே அழைத்தார்கள். கைகால் நான்கையும் முதுகுக்குப் பின்னால் சேர்த்து இறுகக் கட்டும் வதைக்குத் தனிப் பெயரே இருந்தது. கட்டு அவிழ்ந்தபின்னும் பலருக்குக் கைகால் திரும்ப விளங்கவில்லை.

இந்தக் கதையில் எனக்குப் பிடித்த மனிதர் சுலைமான் கெங்கெங். ஒரு கணக்கர். உயிரோடு வெளியே போனால் நடந்ததைச் சொல்லாமல் விடமாட்டேன் என்று சிறைக்குள் சத்தியம் செய்துகொண்டவர். வெளியே வந்ததும் சக கைதிகளைத் தேடிப் போய் 792 பேரின் வாக்குமூலங்களைத் திரட்டினார். பழைய ஆட்கள் புது ஆட்சியிலும் பதவியில் இருந்ததால் அந்தக் காகிதங்களை வருஷக்கணக்காக ஒளித்துவைக்க வேண்டியிருந்தது. கணக்கு எழுதியே பழகிய கை, ஒரு பெயரும் விட்டுப்போகக் கூடாது என்று எழுதியிருக்கும் என நினைத்துக்கொள்வேன்.

2001-இல் மனித உரிமைக்காரர்கள் ரகசியப் போலீசின் பழைய அலுவலகத்துக்குள் போனபோது, தரையெல்லாம் ஆவணங்கள் சிதறிக் கிடந்தன. அவற்றில் 12,321 பேருடைய பெயர்கள், அவர்களில் 1,208 பேர் காவலில் இறந்தவர்கள் அல்லது கொல்லப்பட்டவர்கள். ஆவணத்தை அழிக்கக்கூட அக்கறைப்படாத ஆட்சி!

வழக்கு டாக்காரில் 2015 ஜூலையில் தொடங்கியது. 2016 மே 30 அன்று ஆயுள் தண்டனை. ஒரு நாட்டின் முன்னாள் தலைவரை இன்னொரு நாட்டின் நீதிமன்றம் மனித உரிமைக் குற்றத்துக்காகத் தண்டித்தது அதுவே முதல் தடவை. ஹாரூனின் ஆவணப்படம் அதே மாத நடுவில் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது, தீர்ப்புக்கு முன்னால். அதாவது படத்தில் பேசுகிறவர்களுக்கு முடிவு என்ன என்று தெரியாது. அதை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள்.

#4 போறணை

நான் யாழ்ப்பாணம். அப்பா பேக்கரி வச்சிருந்தவர், பேக்கரி அடுப்பைத்தான் நாங்கள் போறணை எண்டுறது, அதுதான் இந்தப் பேர். தராத் படத்தை அம்மாவோட இருந்து பாத்தனான்.

மாவு பிசையிற இடம் வந்த உடன நான் கதையை மறந்திட்டன். விடியப்புறம் 2 மணிக்கு எழும்பி, மாக்குழைச்சு, பொங்க வச்சு, போறணைக்குள்ள தள்ளிற வேலை. ஒருத்தன் தனியச் செய்ய ஏலாது. மற்றவன்ர கை எங்க வருது, எப்ப தட்டை இழுக்கிறான் எண்டு பாத்துப் பாத்துத்தான் வேலை நடக்கும். பேச்சுத் தேவையில்லை. அந்தக் கிழவனுக்குக் குரல் இல்லை, பெடியனுக்குக் கதைக்க விருப்பமில்லை. ரெண்டு பேரும் மா மேசைக்கு ரெண்டு பக்கமும் நிக்கினம். இதை எழுதினவருக்குப் பேக்கரி வேலை தெரிஞ்சிருக்க வேணும், அல்லது ஒரு பேக்கரியில கன நேரம் இருந்து பாத்திருக்க வேணும்.

பழிவாங்க வந்தவன் முதல் நாளே சுட்டிருக்கலாம். அடுத்த நாள் பாணுக்கு மாக்குழைச்சு வச்சாச்சு எண்டால் அது பொங்கி வரும் வரைக்கும் நிக்கத்தானே வேணும்.

அம்மாவுக்குப் பிரெஞ்சும் தெரியாது, அரபும் தெரியாது. கீழ எழுத்து வாசிக்கக் கண்ணாடியும் எடுக்கேல்லை. படம் முடிய, "அந்தப் பிள்ளைக்குச் சாப்பாடு போட்டது அவன்தானே" எண்டு மட்டும் சொல்லிப்போட்டு எழும்பிப் போயிற்றா.

#5 நெத்தியடி

எல்லாரும் உருகுறீங்க, நான் கொஞ்சம் தண்ணி ஊத்துறேன்.

தராத் எங்க இருந்து வந்தது தெரியுமா? 2006, இசைமேதை மோட்சார்ட் பிறந்து 250 வருஷம். அதுக்காக வியன்னாவுல ஒரு பெரிய விழா. அந்த விழாக்காரங்க காசு போட்டு எடுக்கச் சொன்ன படங்கள்ல ஒண்ணு இது. மோட்சார்ட்டோட கடைசிக் கால ஓபராவுல ஒரு ராஜா எல்லாரையும் மன்னிச்சு விடுவார், அந்தக் கருவை ஒட்டி. அப்புறம் வெனிஸ்ல நடுவர் சிறப்புப் பரிசு. வியன்னாவுல காசு, வெனிஸ்ல பரிசு, பாரிஸ்ல விமர்சனம். என்ஜமேனாவுல பார்த்தது யாரு? அந்த ஊர்ல அப்ப ஒழுங்கா ஓடுற தியேட்டரே கிடையாது!

காயம் பட்டவன் பார்க்காத படம் யார் காயத்தை ஆத்தும்? ஐரோப்பாக்காரனுக்கு ஆப்பிரிக்கா சம்பந்தமா இருக்கிற குற்ற உணர்ச்சி கொஞ்சம் ஆறும், சரி.

இன்னொண்ணு. 2017-இல் ஹாரூன் கலாச்சார மந்திரி ஆனார். எந்த அரசுல? டெபி அரசுல. வாத்தியார் ஐயா சொன்ன அதே டெபி, ஹாப்ரேயோட படைத்தளபதி. இதை யாரும் பேச மாட்டீங்களே.

#6 கரிசல்காடு

நெத்தியடி, பேருக்கேத்த மாதிரி அடிச்சிட்டீங்க. மந்திரி விஷயத்தில் எனக்கும் நெருடல் உண்டு. 2017 பிப்ரவரியில் பதவி ஏற்று ஒரே வருஷத்தில் விலகிவிட்டார் என்பது சமாதானமா என்றால், முழுச் சமாதானம் இல்லை.

தியேட்டர் விஷயத்தில் மட்டும் இன்னொரு பக்கம் இருக்கிறது. ஹாரூன் பிறந்தது 1961, அபெஷே ஊரில். உள்நாட்டுப் போரில் காயம்பட்டு, எல்லை தாண்டி கேமரூனுக்குத் தப்பியவர். பிறகு பிரான்சில் படிப்பு, பத்திரிகை வேலை. 1999-இல் ஊர் திரும்பி எடுத்ததுதான் சாட் நாட்டின் முதல் முழுநீளப் படம். அந்தப் படமே தூசி படிந்து மூடிக் கிடக்கும் தியேட்டர்களைச் சுற்றித்தான் போகிறது. நாற்காலி உடைந்த கொட்டகை, ஓடாத புரொஜெக்டர். எங்கள் ஊர் டூரிங் டாக்கீஸ் இடிந்து கிடந்த நாட்களில் நான் உள்ளே புகுந்து பார்த்த அதே காட்சி.

2010-இல் அவருடைய இன்னொரு படத்துக்குக் கானில் நடுவர் பரிசு கிடைத்தது. அதற்குப் பிறகுதான் அரசாங்கம் கையைப் பிசைந்துகொண்டு, இருபது வருஷமாகப் பூட்டிக் கிடந்த 'நோர்மாண்டி' தியேட்டரைப் புதுப்பித்து 2011 தொடக்கத்தில் திறந்தது. சீமையில் வாங்கிய பரிசு ஊர்க் கொட்டகையின் பூட்டைத் திறந்திருக்கிறது. நீங்கள் சொன்ன வியன்னாக் காசை நான் மறுக்கவில்லை. சாட் போன்ற நாட்டில் வேறு யார் காசு கொடுத்திருப்பார்கள் என்பதையும் சொல்லுங்கள்.

தராத் எடுத்துக்கொண்டிருந்த அதே 2006-இல், ஏப்ரல் 13 அன்று கிளர்ச்சிப் படை என்ஜமேனாவுக்குள்ளேயே வந்துவிட்டது. போருக்குப் பிந்தைய மன்னிப்பைப் பற்றிப் படம், போரோ முடியவே இல்லை. இதை நினைத்தால் அந்த வியன்னா விழா எங்கேயோ தூரத்தில் நிற்கிறது.

#7 இரவுப்பணி

நான் மனநலப் பிரிவில் 14 வருஷமாக நர்ஸ். 'பேசினால் பாரம் குறையும்' என்று எல்லாரும் சொல்கிறார்கள். வார்டில் அப்படி எப்போதும் நடப்பதில்லை.

சியரா லியோனில் போருக்குப் பிறகு ஊர்ஊராகத் தீ மூட்டி, சுற்றி உட்கார்ந்து, பாதிக்கப்பட்டவர் நடந்ததைச் சொல்ல, செய்தவர் எல்லார் முன்னாலும் மன்னிப்பு கேட்கிற கூட்டங்கள் நடந்தன. அதை வைத்து ஓர் ஆய்வு 2016-இல் சயன்ஸ் இதழில் வந்தது. 200 கிராமங்கள், 2,383 பேர். கூட்டம் நடந்த ஊர்களையும் நடக்காத ஊர்களையும் ஒப்பிட்டார்கள். கூட்டம் நடந்த ஊர்களில் மன்னிக்கும் மனசு கூடியிருந்தது, பொதுக் காரியங்களுக்கு ஆள் சேர்ந்தது, ஊர் ஒட்டியது. அதே ஊர்க்காரர்களுக்கு மனச்சோர்வும் பதற்றமும் பழைய அதிர்ச்சியின் தொந்தரவுகளும் மற்ற ஊர்களைவிட அதிகம். இரண்டரை வருஷம் கழித்துப் பார்த்தபோதும் அப்படியே.

ஊருக்கு ஆறுகிறது, ஆளுக்கு ரணமாகிறது. இரண்டும் ஒரே கூட்டத்தில். என்னை ரொம்ப யோசிக்க வைத்த ஆய்வு இது.

ருவாண்டாவில் ஒவ்வொரு ஏப்ரலிலும் 1994 படுகொலையின் நினைவு நாட்கள் வரும்போது, கூட்டத்திலேயே அலறி மயங்கி விழுகிறவர்கள் உண்டு. அதற்கு அவர்கள் மொழியிலேயே 'இஹஹமுகா' என்று பெயர் இருக்கிறது, மூச்சு அடைத்துப் போவது என்கிற மாதிரி. அதனால் நினைவுக் கூட்டங்களில் கை பிடித்து வெளியே அழைத்துப் போக ஆட்கள் தயாராக நிற்பார்கள்.

கரிசல்காடு, நீங்கள் சொன்ன காட்சியில் எனக்குத் தோன்றும் கேள்வி ஒன்றுதான். கேமரா போன பிறகு அந்த மனிதரோடு ராத்திரி யார் இருந்தார்கள்?

#8 குறள்பித்தன்

எல்லாரும் நன்றாக எழுதுகிறீர்கள். க்ளெமோன் பிணம் புதைக்கக் குழி தோண்டியவர் என்றதும் எனக்கு 'அகழ்வாரைத் தாங்கும் நிலம்' நினைவுக்கு வந்தது. தன்னைத் தோண்டுகிறவனையே தாங்குகிற நிலம். வள்ளுவர் காட்டிய பொறுமை அதுதானே? இதைவிடப் பெரிய மருந்து எந்தச் சினிமாவில் இருக்கிறது?

#9 நெத்தியடி

ஐயா, அடுத்த அடியைப் படிங்க. 'இகழ்வார்ப் பொறுத்தல்'. வைதவனைப் பொறுத்துக்கோன்னுதான் சொல்றார், கொன்னவனைப் பொறுத்துக்கோன்னு சொல்லல. கொலை செய்யுற கொடியவங்களை ராஜா தண்டிக்கிறது பயிர்ல களை எடுக்கிற மாதிரின்னு அவரே செங்கோன்மையில சொல்லிட்டார். பொறுக்க வேண்டியது யாரு, தண்டிக்க வேண்டியது யாருன்னு வள்ளுவருக்குத் தெளிவாத் தெரிஞ்சிருக்கு. பாதிக்கப்பட்டவன்கிட்ட வந்து "நீ நிலம் மாதிரி இரு"ன்னு சொல்றது சுலபம் சார்.

#10 குறள்பித்தன்

ஏற்றுக்கொள்கிறேன். பாதிக் குறளை மட்டும் சொன்னது என் தவறு.

ஆனால் தராத்தில் ராஜா தண்டிக்க வேண்டிய இடத்தில் மன்னித்துவிடுகிறானே! களை எடுக்க வேண்டியவன் 'களையும் பயிர்தான்' என்று ரேடியோவில் அறிவித்துவிட்டால், அரிவாளைப் பேரன் கையில் கொடுக்கிற தாத்தாவை எப்படிக் குறை சொல்வது?

#11 கிகாலிக்காரன்

இரவுப்பணி அக்கா ருவாண்டா பேச்சை எடுத்ததால் வந்தேன். கிகாலியில் மூன்று வருஷம் கட்டுமான வேலையில் இருந்தேன்.

அங்கே எரிக் கபேரா என்று ஒருவர். 1994 படுகொலையைப் பற்றி ருவாண்டாவிலேயே எடுத்த முதல் கதைப்படத்தின் தயாரிப்பாளர், 2001-இல் வந்தது. அதற்குப் பிறகு சினிமா மையம் தொடங்கி உள்ளூர்ப் பிள்ளைகளுக்குக் கேமரா பிடிக்கக் கற்றுக்கொடுத்தார். 2005-இல் திரைப்பட விழா. விழாவுக்கு 'ஹில்லிவுட்' என்று செல்லப்பெயர், ஏனென்றால் அது ஆயிரம் மலைகளின் நாடு. காற்றடித்து நிமிர்த்துகிற பெரிய திரையை வண்டியில் ஏற்றி மலைக்கிராமங்களுக்குக் கொண்டுபோவார்கள். நெத்தியடி கேட்டாரே, ஊர்க்காரன் பார்த்தானா என்று. இங்கே படம்தான் ஊர்க்காரனைத் தேடிப் போகிறது.

ஒரு தடவை நானும் போனேன். புல் மேட்டில் இருட்டுவதற்கு முன்பே சனம். திரைக்குக் காற்று ஏற ஏறப் பிள்ளைகள் கத்துகிறார்கள். நம் ஊர்த் திருவிழாவில் பொட்டலில் வேட்டித் திரை கட்டிப் படம் போட்ட நாட்கள் அப்படியே. பெரிய துயரப் படம் ஓடும் என்று முகத்தை இறுக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஓடியது ஒரு குடிகாரக் கணவனைப் பற்றிய சின்னச் சிரிப்புப் படம், கின்யர்வாண்டா மொழியில். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது.

என் பக்கத்தில் நின்ற எங்கள் ஓட்டுநர் வீட்டுக்குத் திரும்பும்போது சொன்னார்: இந்த ஊரில் கசாசா நடந்த புல்வெளி இதேதான். (கசாசா என்றால் ஊர்ப் பஞ்சாயத்து மாதிரியான நீதிமன்றம். 2012-இல் முடியும்வரை நாடு முழுக்க ஏறத்தாழ 19 லட்சம் வழக்குகள்.) அண்டை வீட்டுக்காரன் மேல் குற்றம் சொன்ன அதே புல்லில் உட்கார்ந்து, அதே அண்டை வீட்டுக்காரனோடு ஒரே இடத்தில் சிரிக்கிறார்கள். நான் அன்றைக்கு அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இந்த இழையைப் படித்தபின் திரும்பத் திரும்ப நினைவுக்கு வருகிறது.

#12 பேல்பூரி

அண்ணே அந்தக் குடிகாரன் படம் பேரு என்ன? பார்க்கணும் போல இருக்கு.

#13 கிகாலிக்காரன்

பெயர் கேட்டுவைக்கவில்லை தம்பி. பாதி வசனம் எனக்குப் புரியவும் இல்லை, எல்லாரும் சிரிக்கிறார்களே என்று நானும் சிரித்தேன்.

#14 மட்டுறுத்துநர்

இந்த இழையில் இருந்து மூன்று பதிவுகளை 'ஈழம்: பொது' பகுதிக்கு மாற்றியிருக்கிறேன். ஒப்பீடு தவறு என்று சொல்லவில்லை. ஒப்பிடத் தொடங்கினால் சாட் காணாமல் போய்விடும், நாம் பழைய சண்டையையே தொடருவோம். அங்கே தொடருங்கள், இங்கே ஆப்பிரிக்கா.

#15 போறணை

மாத்தினது நல்லது. அந்த மூண்டில ஒண்டு என்ர. கோவத்தில எழுதிப்போட்டன்.

#16 நெத்தியடி

கிகாலிக்காரன் பதிவுக்கு ஒரு சலாம். சரி, தண்ணியை நிறுத்திட்டு ஒரு விறகு போடுறேன்.

காங்கோவுல கிசங்கானின்னு ஒரு ஊர். 2000 ஜூன் 5-லேர்ந்து 10 வரைக்கும் உகாண்டாப் படையும் ருவாண்டாப் படையும் மூணாவது ஆள் ஊருக்குள்ள புகுந்து ஒருத்தரை ஒருத்தர் அடிச்சுக்கிட்டாங்க. ஆயிரக்கணக்கில் குண்டு விழுந்தது. செத்தவன், கால் போனவன் எல்லாம் கிசங்கானிக்காரன். 2005-லயே உகாண்டா மேல தப்புன்னு சர்வதேச நீதிமன்றம் சொல்லிடுச்சு. காசு மட்டும் அப்ப வரல.

அதே ஊர்ல பிறந்தவர் டியூடோ ஹமாதி. கால் இழந்தவங்க, ஊன்றுகோல்காரங்க ஒரு கூட்டமா, நியாயம் கேட்கக் காங்கோ ஆத்துல சரக்குப் படகு ஏறித் தலைநகர் கின்ஷாசாவுக்குப் போறாங்க. ஏறத்தாழ 1,700 கிலோமீட்டர். மழை, தார்ப்பாய்க்குக் கீழ சமையல், சண்டை, பாட்டு. கூடவே கேமராவோட இவரும் போறார். 2020-இல் வந்த படம். நடுநடுவுல அதே ஆட்கள் மேடையில நாடகமா தங்க கதையை நடிச்சுக் காட்டுறாங்க. கால் போனவரே கால் போன கதையை நடிக்கிறார்!

எனக்கு இது ஏன் பிடிச்சதுன்னா இதுல யாரும் யாரையும் மன்னிக்கல. "எங்க காசு எங்க?"ன்னுதான் கேட்கிறாங்க. 2022 பிப்ரவரியில் உகாண்டா காங்கோவுக்கு 32.5 கோடி டாலர் கட்டணும்னு அதே நீதிமன்றம் தீர்ப்பு சொன்னது. அந்தப் படகுல போனவங்க கையில எவ்வளவு சேர்ந்ததுங்கிறது தனிக் கதை.

ஆறுதல்னு பேசுறவங்க முதல்ல காசைப் பேசுங்க.

#17 ஓய்வுபெற்றவாத்தியார்

நெத்தியடி சொன்னதற்கு ஒத்தாசையாகச் சாட் கணக்கு. 2017-இல் மேல்முறையீட்டிலும் ஹாப்ரேயின் தண்டனை உறுதியாயிற்று. 7,396 பேருக்கு 8,200 கோடி சிஎஃப்ஏ பிராங்குக்கு (சாட் நாட்டில் புழங்கும் பணம்) மேல் இழப்பீடு என்று உத்தரவு. ஹாப்ரே ஒரு பைசா கொடுக்காமல் 2021 ஆகஸ்டில் கொரோனாவில் இறந்தார். டெபியும் அதே ஆண்டு ஏப்ரலில் இறந்திருந்தார். 2024 பிப்ரவரியில்தான் சாட் அரசு 1,000 கோடி பிராங்கை 10,700 பேருக்குப் பிரித்துக் கொடுக்கத் தொடங்கியது. ஆளுக்கு 9,25,000 பிராங்கு. டாலரில் 1,500 சொச்சம்.

நான்கு வருஷம் பிணம் தூக்கியதற்கு.

#18 இரவுப்பணி

வாத்தியார் ஐயாவின் கடைசி வரி படித்து மொபைலைக் கவிழ்த்துவைத்துவிட்டேன்.

நேற்று வேலை முடிந்து வந்து ஆவணப்படத்தைப் பார்த்தேன். என் கேள்விக்குப் பாதிப் பதில் கிடைத்தது. க்ளெமோன் பேட்டி எடுக்க வந்த ஆள் இல்லை. அவர் போகும் வீடுகள் அவருக்குப் பழகிய வீடுகள். சங்கக்காரர், நாளைக்கும் வருவார். ஒருவர் பேச முடியாமல் நின்றால் அவர் அவசரப்படுத்தவில்லை. எங்கள் வேலையில் புதிதாக வருகிறவர்களுக்கு நான் கற்றுக்கொடுக்க முயல்வது இதைத்தான்: நோயாளி மௌனமாக இருக்கும்போது நீ நிரப்பாதே.

#19 கரிசல்காடு

இரவுப்பணி சொன்னபின் அந்த எதிரெதிர்க் காட்சியை மறுபடி போட்டுப் பார்த்தேன். முதல் தடவை எனக்கு உறுத்தியது, மன்னிப்பு கேட்கிறவர் முகம். இந்தத் தடவை கேட்கப்படுகிறவரை மட்டும் பார்த்தேன்.

தமிழில் நாம் மன்னிப்பு 'கேட்கிறோம்', கதையும் 'கேட்கிறோம்'. வாயால் கேட்பதும் காதால் கேட்பதும் ஒரே சொல். இத்தனை வருஷம் எழுதியும் இது எனக்கு உறைத்ததில்லை. அந்த ரகசியப் போலீஸ் ஆள் வாயால் கேட்கிறார், ஆனால் முதலில் காதால் கேட்க வேண்டியிருக்கிறது: எதிரில் இருப்பவர் என்ன ஆனார் என்பதை, அவர் வாயாலேயே. எழுந்து போக வழியில்லாமல்.

தராத்தில் வரும் பொதுமன்னிப்பில் யாரும் கேட்கவில்லை. குற்றம் செய்தவன் கேட்கவில்லை, பாதிக்கப்பட்டவனை யாரும் கேட்கவில்லை. அரசாங்கம் தன்னுடையது அல்லாததை எடுத்துத் தானம் செய்துவிட்டது. தாத்தாவுக்குக் கோபம் கொலைகாரன் மேல் மட்டும் என்று நினைத்திருந்தேன். ரேடியோ மேலும்தான்.

பத்து வருஷ இடைவெளியில் ஹாரூன் முதல் படத்தில் போட்ட கணக்குக்கு இரண்டாவது படத்தில் செய்முறை பார்த்திருக்கிறார் என்றே எனக்குத் தோன்றுகிறது. பையனையும் கிழவரையும் ஒரே மாவு மேசைக்கு இரண்டு பக்கம் நிறுத்தினார். பிறகு நிஜ ஆட்களை எதிரெதிரே உட்காரவைக்கக் க்ளெமோனுக்கு இடம் விட்டார். இரண்டிலும் மன்னிக்காமல் எழுந்து போகிற உரிமை பாதிக்கப்பட்டவனிடமே இருக்கிறது.

சியரா லியோன் ஆய்வு சொன்னதை இது பொய்யாக்கிவிடாது. அந்த மனிதருக்கு அன்றைய ராத்திரி எப்படிப் போனது என்று படம் காட்டவில்லை.

#20 நெத்தியடி

செய்முறைங்கிற சொல்லு பிடிச்சிருக்கு. மந்திரி விஷயம் அப்படியே நிக்குது, மறந்துடாதீங்க.

#21 கரிசல்காடு

மறக்கவில்லை. 😊

ஒரு காரியம். எங்கள் ஊர்த் திரைப்படக் கழகத்தில் அடுத்த மாதம் தராத் போட அனுமதி கேட்டுக்கொண்டிருக்கிறோம். கிடைத்தால் தமிழ்க் கீழ்வரி நாமே செய்யலாம். ஆரம்ப ரேடியோ அறிவிப்புக்கு 'பொதுமன்னிப்பு' என்றே போடவா? பத்திரிகைச் சொல், எல்லாருக்கும் புரியும். அதீமை அதீம் என்றே விட்டுவிட்டு, அர்த்தத்தை ஓரிடத்தில் மட்டும் சொல்லலாம் என்று நினைக்கிறேன்.

#22 குறள்பித்தன்

பொதுமன்னிப்பு என்றே போடுங்கள். அந்தச் சொல்லில் 'பொது' என்று இருக்கிறதே, யாருக்கும் சொந்தமில்லாத மன்னிப்பு. வேறு சொல் தேடவேண்டாம்.

#23 போறணை

கீழ்வரிக்கு நானும் வாறன். ஒரு நிபந்தனை. அந்தக் கடையில போடுறது நீட்டுப் பாண். 'ரொட்டி' எண்டு எழுதினியள் எண்டால் எங்கட ஆக்கள் தோசைக்கல்லில சுடுற தேங்காய்ப்பூ ரொட்டியைத்தான் நினைப்பினம்.

#24 கரிசல்காடு

இங்கே 'பாண்' என்றால் யாருக்குப் புரியும் அக்கா? வெற்றிலைக்கடை என்று நினைப்பார்கள்.

#25 பேல்பூரி

'பன்'னு போடுங்க. ரெண்டு ஊருக்கும் பொது.

#26 போறணை

தம்பி, பணிஸ் வேற, பாண் வேற. அப்பா இருந்திருந்தா உங்களை மா மூட்டைக்குப் பின்னால நிப்பாட்டியிருப்பார்.